மிச்ச நாளைச் சேர்ப்பது யார்?

தமிழில் அறிவியல் புனைகதை எழுதுகிறவர்களுக்கும், எழுத நினைத்து நோட்டில் வரைபடம் போட்டு வைத்திருப்பவர்களுக்கும்,



எங்கோ ஒரு விண்மீன். அதைச் சுற்றும் ஒரு கிரகம். அங்கே காலத்தைக் கணிக்கும் உரிமையைத் தன் கையில் வைத்திருக்கும் ஒரு துறவியர் மடம். அதன் மணியோசைக்கு ஊர் எழுகிறது, அதே ஓசைக்கு ஊர் உறங்குகிறது. புனைகதை எழுதுகிறவர்களை விடாமல் இழுக்கும் கருக்களில் இது ஒன்று. ஆனால் இதைக் கையிலெடுக்கும் பேனா முதலில் போய் நிற்கும் இடம் பெரும்பாலும் அங்கியின் நிறம்தான். பிறகு மந்திரம், இருண்ட மண்டபம், நடுவில் ஒரு ராட்சதக் கடிகாரம், கண்ணை மூடியபடி எதையோ முணுமுணுக்கும் மடாதிபதி. அந்தக் கடிகாரம் எதை அளக்கிறது, பிசகினால் யாருக்கு என்ன நஷ்டம், பிசகியதை யார் கண்டுபிடிப்பார்கள் என்பதற்கெல்லாம் கதையில் இடமே இருப்பதில்லை.

இந்த மடல் சொல்ல வருவது ஒன்றைத்தான்: மடத்தை அங்கியிலிருந்து கட்டாதீர்கள், பிழையிலிருந்து கட்டுங்கள். வானத்தில் எந்தச் சுழற்சியும் இன்னொன்றுக்குள் மிச்சமில்லாமல் அடங்குவதில்லை. பூமியின் ஆண்டு 365.2422 நாள். பிறைக்குப் பிறை 29.53 நாள். பன்னிரண்டு பிறை மாதங்களைக் கூட்டினால் 354 நாள்தான் வருகிறது. ஆண்டுக்குப் பதினொரு நாள் உதைக்கிறது. அந்த மிச்சத்தை எப்போது, எவ்வளவு, யார் சொல்லிச் சேர்ப்பது என்ற கேள்வியில்தான் காலம் காக்கும் மடங்கள் பிறந்தன, சண்டையிட்டன, சில சமயம் செத்தும் போயின. கதை கிடப்பதும் அங்கேதான்.

ரோமை எடுத்துக்கொள்ளலாம். குடியரசுக் காலத்தில் அங்கே ஆண்டுக்கு 355 நாள். பருவத்தோடு ஒத்துப்போவதற்காக, இரண்டு ஆண்டுக்கு ஒரு முறை என்ற கணக்கில், பிப்ரவரியின் கடைசி நாட்களை வெட்டிவிட்டு ஒரு தனி மாதத்தைச் செருகுவார்கள். செருகுவதா வேண்டாமா என்று முடிவு செய்தது போன்டிஃபெக்ஸ் எனப்பட்ட குருமாரின் குழு. குருமார் என்றாலும் அவர்கள் முழுநேர அரசியல்வாதிகள். ஆட்சிப் பதவிகளுக்கு ஓராண்டுதான் ஆயுள். ஆகவே மாதத்தைச் செருகினால் பதவியில் இருக்கும் கூட்டாளிக்குக் கூடுதல் நாள். செருகாமல் விட்டால் எதிராளி சீக்கிரம் வீட்டுக்குப் போவார். வரி வசூலைக் குத்தகைக்கு எடுத்தவர்களும் இதே கணக்கைப் போட்டார்கள். விளைவு, கி.மு. முதல் நூற்றாண்டின் நடுவில் நாட்காட்டி பருவத்தை விட்டு ஏறத்தாழ மூன்று மாதம் விலகிக் கிடந்தது.

அதைச் சரிசெய்தவர் ஜூலியஸ் சீசர். அவரே அந்தக் குருமார் குழுவின் தலைவரும்கூட. அலெக்சாந்திரியாவைச் சேர்ந்த சோசிஜெனஸின் ஆலோசனையைக் கேட்டு, கி.மு. 46-ஆம் ஆண்டை 445 நாளாக நீட்டி, அதன் பிறகு நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் சேர்த்தால் போதும் என்று விதி செய்தார். இரண்டே ஆண்டில் அவரைக் குத்திக் கொன்றார்கள். மிஞ்சிய குருமார்களோ, தொடங்கும் ஆண்டையும் சேர்த்து எண்ணுகிற ரோமானிய வழக்கப்படி விதியைப் படித்து, மூன்று ஆண்டுக்கு ஒரு முறை மிகுநாள் சேர்த்துக்கொண்டே போனார்கள். முப்பது ஆண்டுக்கும் மேல் யாரும் தடுக்கவில்லை. அகஸ்டஸ் வந்து, சில மிகுநாட்களை விட்டுவிடச் சொல்லித்தான் கணக்கை நேராக்க வேண்டியிருந்தது. ஒரு வரி விதியைத் தவறாகப் படித்த குருமார் சபை ஒரு பேரரசின் தேதியையே தள்ளி வைத்தது. இது கற்பனை அல்ல என்பதுதான் இதில் ரசமான விஷயம்.

ஜெருசலேமுக்குப் போனால் காட்சி வேறு. அங்கே மாதம் பிறந்ததை அறிவித்தது யூத நீதி மன்றம். அறிவிப்பதற்குப் பிறையைக் கண்ணால் கண்ட சாட்சிகள் வேண்டும். கி.பி. இரண்டாம் நூற்றாண்டின் இறுதியையொட்டித் தொகுக்கப்பட்ட யூதச் சட்ட நூலான மிஷ்னா இதை நுணுக்கமாக வருணிக்கிறது. சாட்சிகள் வந்து கூட ஒரு முற்றம். அவர்கள் தொடர்ந்து வரவேண்டும் என்பதற்காக அங்கே விருந்துச் சாப்பாடு. பின்னாளில் யவ்னே நகரில் சபைத் தலைவராயிருந்த ரப்பான் கமாலியேலின் மாடி அறைச் சுவரில் பிறையின் வடிவங்கள் வரைந்து மாட்டியிருக்கும். படிப்பறிவு இல்லாத சாட்சியிடம் அவற்றைக் காட்டி, நீ கண்டது இப்படியா, அப்படியா என்று கேட்பார். அறிவிப்பு ஆனதும் ஒலிவ மலையில் தீ மூட்டுவார்கள். அதைக் கண்டு அடுத்த மலையில் தீ, அதற்கடுத்த மலையில் தீ என்று செய்தி பாபிலோன் திசையில் ஓடும். சமாரியர்கள் பொய்த் தீ மூட்டிக் குழப்பிய பிறகு அந்த ஏற்பாட்டை விட்டுவிட்டு ஆள் அனுப்பத் தொடங்கினார்கள். ஆள் போய்ச் சேரத் தாமதமாகும் தூரத்து ஊர்களில், எது சரியான நாள் என்று தெரியாததால் பண்டிகையை இரண்டு நாள் கொண்டாடினார்கள். நாட்காட்டி கணக்கால் நிலைபெற்று, ஐயம் தீர்ந்து பல நூற்றாண்டு ஆன பிறகும், இஸ்ரேலுக்கு வெளியே மரபைப் பின்பற்றும் யூதர்களிடம் அந்த இரண்டாம் நாள் இருக்கிறது.

அதே மிஷ்னாவில் ஒரு சம்பவம். இரண்டு சாட்சிகள் பிறையைக் கண்டதாகச் சொல்கிறார்கள்; ஆனால் மறுநாள் இரவு பிறையைக் காணோம். கமாலியேல் அவர்கள் சொல்லை ஏற்றுக்கொள்கிறார். அறிஞர் யோசுவா அது பொய்ச் சாட்சி என்று கருதுகிறார். அவர் கணக்குப்படி பாவக்கழுவாய்த் திருநாள் வேறொரு தேதியில் வருகிறது. அந்தத் திருநாளில் தடியும் பணமும் எடுத்துக்கொண்டு பயணம் போவது மரபு மீறல். கமாலியேல் ஆளனுப்புகிறார்: உன் கணக்குப்படி திருநாள் வரும் அதே நாளில், கையில் தடியும் பணமுமாக என்னிடம் வந்து நில். யோசுவா மனம் நொந்து, சக அறிஞர்களிடம் போகிறார். இந்தச் சபையின் தீர்ப்பைக் கேள்வி கேட்டால், மோசே காலம் முதல் இருந்த எல்லாச் சபைகளின் தீர்ப்பையும் கேள்வி கேட்க வேண்டிவரும் என்று அவர்கள் சொல்கிறார்கள். யோசுவா தடியை எடுத்துக்கொண்டு யவ்னே நகருக்கு நடக்கிறார். கமாலியேல் எழுந்து வந்து அவர் தலையில் முத்தமிடுகிறார்.

கவனியுங்கள், யோசுவாவின் வானியல் தவறென்று யாரும் நிரூபிக்கவில்லை. நாள் எது என்பதைவிட, நாளைச் சொல்லும் வாய் எது என்பது பெரிதாகிவிட்டது. அங்கியும் மண்டபமும் இல்லாமலே ஒரு காலமடத்தின் முழு நாடகமும் இங்கே நடந்துவிடுகிறது.

மடங்கள் எல்லாம் மிச்சத்தைச் சேர்த்துத்தான் ஆகவேண்டும் என்றும் இல்லை. இஸ்லாம் மிகுமாதம் செருகும் பழைய அரேபிய வழக்கைத் தடை செய்தது. குர்ஆனின் ஒன்பதாம் அத்தியாயத்தில் அந்தத் தடை இருக்கிறது. அதனால் ரமலான் ஆண்டுக்குப் பதினொரு நாள் முன்னால் நகர்ந்து, சுமார் 33 ஆண்டில் எல்லாப் பருவங்களையும் ஒரு சுற்று சுற்றி வருகிறது. திருத்தத்தையே பிழையாகக் கருதும் மரபு என்பதால் அங்கே வானியலுக்கு வேலை இல்லாமல் போகவில்லை. பெரிய பள்ளிவாசல்களில் தொழுகை நேரம் கணிக்கவென்றே முவக்கித் என்ற பதவி இருந்தது. டமாஸ்கஸின் உமையாப் பள்ளிவாசலில் அந்தப் பதவியை வகித்த இப்னு அல்-ஷாத்திர் 1371-இல் அதன் மினாராவுக்காக ஒரு சூரியக் கடிகாரம் செய்தார். கோள்களின் இயக்கத்துக்கு அவர் வகுத்த மாதிரிகளில் சில, பின்னாளில் கோபர்நிகஸ் எழுதியவற்றோடு கணித அளவில் ஒத்துப்போகின்றன. பள்ளிவாசல் ஊழியராகச் சம்பளம் வாங்கிய ஒருவர் அக்காலத்தின் தலைசிறந்த வானியலாளர்களுள் ஒருவர். மடம் என்றால் அறிவின் எதிரி என்று எழுதப்படும் கதைகளை இந்த ஒரு மனிதர் சங்கடத்தில் ஆழ்த்துகிறார்.

மடத்துக்குப் போட்டியாளர் வேண்டுமா? பீஜிங்கில் கிடைப்பார். சிங் அரசவையின் வானியல் அலுவலகத்தை நடத்திய ஜெசூட் துறவி ஆடம் ஷால் மீது யாங் குவாங்சியான் என்ற அறிஞர் குற்றம் சுமத்தினார். 1665-இல் ஷாலுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. பீஜிங்கில் நிலநடுக்கம் வந்ததும் அதைச் சகுனமாகக் கொண்டு அவரை விடுவித்தார்கள். அலுவலகத்தில் இருந்த சீனக் கிறித்தவ அதிகாரிகள் ஐவரின் தலை போயிற்று. 1668 டிசம்பரில், இன்னும் பதின்வயதில் இருந்த காங்சி பேரரசர் ஒரு சோதனை வைத்தார். ஒரு கோலை நட்டு, உச்சிப் பொழுதில் அதன் நிழல் எவ்வளவு நீளம் விழும் என்று முன்கூட்டியே சொல்ல வேண்டும். வெர்பீஸ்ட் என்ற ஜெசூட் சொன்ன இடத்தில் நிழல் விழுந்தது. மறு ஆண்டு அலுவலகம் அவர் கைக்கு வந்தது. ஒரு கோல், ஒரு கோடு, கூடி நின்ற அதிகாரிகள். தத்துவ வாதம் ஏதும் தேவைப்படவில்லை.

கத்தோலிக்கத் திருச்சபை தன் கணக்கைத் தானே திருத்திய கதை பலருக்கும் தெரிந்ததுதான். ஜூலியன் ஆண்டு உண்மையான ஆண்டைவிடச் சுமார் 11 நிமிடம் நீளம். 325-இல் நடந்த நிசேயா சங்கத்துக்குப் பிறகு அது சேர்ந்து சேர்ந்து பத்து நாளாகிவிட்டது. திருத்தந்தை பதிமூன்றாம் கிரகோரி 1582-இல் ஆணை பிறப்பித்தார். அக்டோபர் 4-ஆம் தேதிக்கு மறுநாள் அக்டோபர் 15. சீர்திருத்த கிறித்தவ நாடுகள் பல, வானியல் சரிதான், ஆனால் சொல்வது போப் என்று முறைத்துக்கொண்டு நின்றன. பிரிட்டன் 1752 வரை காத்திருந்து பதினொரு நாளை விட்டது. ரஷ்யா மாறியது 1918-இல், அதுவும் புரட்சி அரசின் கையால். கிரேக்கத்தின் அதோஸ் மலை மடங்கள் இன்னும் பழைய கணக்கில்தான் இருக்கின்றன.

இதில் அதிகம் பேசப்படாத ஒரு கட்டடம் இத்தாலியின் பொலோன்யா நகரத்தில் இருக்கிறது. சான் பெத்ரோனியோ தேவாலயத்தின் கூரையில் ஒரு சிறு துளை. 1655-இல் காசினி என்ற வானியலாளர், துளைக்கு நேராகத் தரையில் சுமார் 67 மீட்டர் நீளத்துக்கு ஒரு கோடு பதித்தார். உச்சிப் பொழுதில் துளை வழியாக விழும் சூரிய வட்டம் பளிங்குத் தரையில் ஊர்ந்து வந்து அந்தக் கோட்டைத் தாண்டும். கோடையில் அது துளைக்கு அருகே தாண்டும். குளிர்காலத்தில் கோட்டின் மறுகோடிக்குப் போய்விடும். சம இரவு நாள் எது என்பதை அந்தத் தரையைப் பார்த்துச் சொல்லிவிடலாம். பூசை நடக்கும் அதே தளத்தில், முழங்காலிட்ட பக்தர்களுக்கு நடுவே, ஓர் அறிவியல் கருவி. மண்டபத்தின் நடுவில் ராட்சதக் கடிகாரத்தை வைக்க நினைப்பவர்கள் இதையும் கொஞ்சம் யோசிக்கலாம்.

நம் ஊருக்கும் இதில் பங்கு உண்டு. வாக்கியப் பஞ்சாங்கம் மரபாக வந்த வாய்பாடுகளை வைத்துக் கணிக்கிறது. திருக்கணிதப் பஞ்சாங்கம் கோள் வானில் இப்போது நிற்கும் இடத்தை எடுத்துக்கொள்கிறது. 2025 மார்ச் 29-இல் சனிப்பெயர்ச்சி என்று திருக்கணிதம் சொன்னது. திருநள்ளாறு கோயில் வாக்கியத்தைப் பின்பற்றுவதால், தங்களுக்குப் பெயர்ச்சி 2026-இல்தான் என்று அறிவித்தது. ஒரே சனி, ஒரே வானம். யாழ்ப்பாணத்திலும் இரண்டு பஞ்சாங்கங்களும் அச்சாகின்றன, இரண்டையும் பின்பற்றும் வீடுகள் இருக்கின்றன. 1952-இல் மேக்நாத் சாஹா தலைமையில் அமைந்த நாட்காட்டிச் சீர்திருத்தக் குழு நாடெங்கும் முப்பதுக்குக் குறையாத நாட்காட்டிகளைக் கண்டது. அது வகுத்த தேசிய நாட்காட்டி 1957 மார்ச் 22-இல் நடைமுறைக்கு வந்து அரசிதழிலும் வானொலி அறிவிப்பிலும் இருக்கிறது. நம் திருமணப் பத்திரிகைகளில் அதைத் தேடினால் கிடைக்காது.

மதம் இல்லாத இடத்திலும் மடம் உண்டு. அணுக் கடிகாரத்துக்கும் பூமியின் சுழற்சிக்கும் இடையிலான வித்தியாசத்தைச் சரிக்கட்ட 1972 முதல் 27 மிகுநொடிகள் சேர்க்கப்பட்டன. கடைசி நொடி 2016 டிசம்பர் 31-இல். எப்போது சேர்ப்பது என்று அறிவிக்கும் அலுவலகம் பாரிஸில் இருக்கிறது. கணினி வலைப்பின்னல்கள் இந்த நொடியால் தடுமாறுவதால், 2035-க்குள் இந்த ஏற்பாட்டை மாற்றிவிட வேண்டும் என்று 2022-இல் நாடுகள் கூடித் தீர்மானித்தன. மிச்சத்தை நாம் தொடவேண்டாம், பேரப்பிள்ளைகள் பார்த்துக்கொள்ளட்டும் என்பதுதான் அந்தத் தீர்மானத்தின் சாரம்.

இனி உங்கள் கிரகத்துக்கு வரலாம்.

உங்களுக்கு முன்னால் இந்த நிலத்தில் நடந்தவர்கள் இருக்கிறார்கள். ஐசக் அசிமோவ் 1941-இல் எழுதிய ‘நைட்ஃபால்’ கதையில் ஆறு சூரியன்கள் உள்ள கிரகத்துக்கு 2049 ஆண்டுக்கு ஒரு முறைதான் இருட்டு. அந்த இருட்டைப் பற்றிய நினைவைக் காத்து வைத்திருப்பது ஒரு மதக்குழு. வானியலாளர்கள் அதனிடமிருந்து பழைய தரவுகளை வாங்கித்தான் கணக்கை முடிக்கிறார்கள். நீல் ஸ்டீஃபன்சனின் ‘அனாதெம்’ 2008-இல் வந்தது. அதில் துறவிகளைப் போல வாழும் கணிதர்கள் ஒரு பெரும் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கிறார்கள். பிரிவுக்கு ஏற்ப ஓராண்டு, பத்து, நூறு, ஆயிரம் ஆண்டுக்கு ஒரு முறைதான் அவர்களுடைய கதவு வெளியுலகுக்குத் திறக்கும். வெர்னர் விஞ்சியின் 1999 நாவல் ஒன்றில் விண்மீன்களுக்கிடையே திரியும் வணிகர்கள் நாள், மாதம் எதுவும் இல்லாமல் நொடிகளை மட்டும் எண்ணுகிறார்கள். மனிதன் நிலவில் கால் வைத்த கணத்திலிருந்து எண்ணுவதாக நம்புகிறார்கள். உண்மையில் அது பழைய கணினி இயங்குதளத்தின் பூஜ்யக் கணமான 1970 ஜனவரி 1. மூவருமே பொறியைச் சரியான இடத்தில் வைத்தார்கள்: யாரிடம் தரவு இருக்கிறது, யார் கதவைத் திறக்கிறார், எண்ணிக்கையின் தொடக்கம் எது.

மிஞ்சியிருக்கும் நிலம் பெரிது. உதாரணத்துக்கு டிராப்பிஸ்ட்-1. கும்ப ராசியின் திசையில் சுமார் 40 ஒளியாண்டு தொலைவில் உள்ள சிவப்புக் குறுமீன். வியாழனைவிடச் சற்றே பெரியது. அதைச் சுற்றி, பூமி அளவை ஒட்டிய ஏழு கிரகங்கள் இருப்பது 2017 பிப்ரவரியில் உலகுக்குத் தெரிந்தது. ஏழும் நம் புதனின் பாதைக்குள் அடங்கிவிடும். இவற்றுள் நான்காவதான ‘இ’ கிரகம் 6.10 நாளில் ஒரு சுற்று முடிக்கிறது. விண்மீனுக்கு அவ்வளவு நெருக்கத்தில் இருப்பதால் அதன் ஒரு முகம் எப்போதும் விண்மீனைப் பார்த்தபடியே நிற்கும் என்று கருதுகிறார்கள். அப்படியானால் அங்கே உதயம் இல்லை, அஸ்தமனம் இல்லை. அச்சுச் சாய்வும் இருக்க வாய்ப்பில்லை என்பதால் பருவமும் இல்லை. ஒரு பாதி உலகுக்கு நிரந்தரப் பகல், மறுபாதிக்கு நிரந்தர இரவு, நடுவில் வளையமாக ஒரு அந்திப் பிரதேசம்.

நாளும் இல்லை, மாதமும் இல்லை, பருவமும் இல்லை. காலம் காக்க ஒரு மடம் வேண்டும் என்பதற்கு இதைவிட நல்ல காரணம் கிடைக்காது. பெனடிக்ட் துறவியர் ஆறாம் நூற்றாண்டு முதல் பகலில் ஏழு முறையும் இரவில் ஒரு முறையும் பிரார்த்தனைக்கு எழுந்தார்கள் என்றால், பொழுதை நறுக்கித் தர அவர்களுக்குச் சூரியன் இருந்தது. ‘இ’ கிரகத்தில் உறங்கும் நேரம் என்று ஒன்று உண்டு என்பதையே ஒருவர் மணியடித்துச் சொல்ல வேண்டும்.

அந்த மணிக்கு ஆதாரம் எது? அண்டைக் கிரகங்கள். சுற்றுக் காலங்களை வைத்து ஒரு சின்னக் கணக்கு போடலாம். ‘பி’ கிரகம் 1.51 நாள், ‘சி’ 2.42, ‘டி’ 4.05, ‘எஃப்’ 9.21. ‘இ’-யிலிருந்து பார்த்தால் ‘பி’ சுமார் 2 பூமி நாளுக்கு ஒரு முறை விண்மீனின் குறுக்கே கடக்கும். ‘சி’ கடப்பது 4 நாளுக்கு ஒரு முறை. ‘டி’ 12 நாளுக்கு ஒரு முறை. வெளியே இருக்கும் ‘எஃப்’ 18 நாளுக்கு ஒரு முறை, விண்மீனுக்கு நேர் எதிர்த் திசையில், முழுநிலவாக வந்து நிற்கும். 2, 4, 12, 18 என்று இந்த எண்கள் இவ்வளவு ஒழுங்காக விழுவது தற்செயல் அல்ல. ஏழு கிரகங்களின் சுற்றுக் காலங்களும் ஒன்றோடொன்று 8:5, 5:3, 3:2, 3:2, 4:3, 3:2 என்ற விகிதத்தை ஒட்டிப் பூட்டப்பட்டிருக்கின்றன. 36 நாளில் இந்த ஐந்து கிரகங்களின் ஆட்டம் ஏறத்தாழத் தொடங்கிய இடத்துக்கே வந்துவிடும். எழுத்தாளர் கண்டுபிடிக்கத் தேவையில்லாத வாரமும் மாதமும் அங்கே வானத்திலேயே தொங்குகின்றன.

இப்போது முடிச்சு விழும் இடம். ‘டி’ கடப்பதைப் பகல் பக்கத்தில்தான் பார்க்க முடியும். அங்கே விண்மீன் நம் சூரியனைப் போல் நான்கு மடங்கு அகலமாக நகராமல் நிற்கும். அதன் செந்நிற முகத்தில், நம் நிலா அளவுள்ள ஒரு கறுப்பு வட்டம் ஊர்ந்து போகும். ‘எஃப்’ முழுநிலவாக உச்சிக்கு வருவதோ இரவுப் பக்கத்தில் மட்டும். ஆகவே பகல் மடத்துக்குத் திருநாள் 12 நாளுக்கு ஒன்று. இரவு மடத்துக்கு 18 நாளுக்கு ஒன்று. இருவர் வேதமும் இரு வேறு கிரகங்களைப் பாடும். மூன்று பகல் திருநாளுக்கு இரண்டு இரவுத் திருநாள் என்று 36-ஆம் நாளில் மட்டும் இருவரும் ஒன்றாகக் கூடியாக வேண்டும். கூடும் இடம் அந்தி வளையம். அங்கே விண்மீனும் ‘எஃப்’-உம் எதிரெதிர் அடிவானங்களில், புழுதியிலும் மூட்டத்திலும் பாதி மறைந்து கிடக்கும். கமாலியேல் மாட்டி வைத்த படங்கள் அங்கேதான் தேவைப்படும். பொய்த் தீ மூட்டும் ஆட்களுக்கும் அங்கேதான் பிழைப்பு.

பிழை எங்கே? அதுவும் தயாராக இருக்கிறது. இந்தக் கிரகங்கள் ஒன்றையொன்று இழுப்பதால் கடப்புகள் சொன்ன நேரத்துக்கு வருவதில்லை. சில நிமிடம் முதல் அரை மணி வரைகூட முந்தும், பிந்தும். வானியலாளர்கள் இந்தத் தாமதங்களை அளந்துதான் அக்கிரகங்களின் நிறையையே கணித்தார்கள். மடத்துக்குள் இது பிளவாகும். ‘டி’ விண்மீனின் விளிம்பைத் தொடும் கணமே திருநாளின் தொடக்கம், கிரகம் பிந்தினால் காலமே பிந்தியது என்று ஒரு கட்சி. சராசரி வாய்பாடுதான் காலம், கிரகம் அதற்குக் கட்டுப்படாவிட்டால் அது கிரகத்தின் பாடு என்று மறு கட்சி. வாக்கியமும் திருக்கணிதமும் 40 ஒளியாண்டு தாண்டிப் போய் மறுபடியும் முறைத்துக்கொள்ளும்.

அந்தத் தாமதத்திலும் ஓர் ஒழுங்கு உண்டு. சுற்றுக் காலங்களின் விகிதம் முழுதாக 3:2 ஆகாமல் மயிரிழை விலகியிருப்பதால், ‘டி’, ‘இ’, ‘எஃப்’ கிரகங்களின் முந்தலும் பிந்தலும் சுமார் 450 முதல் 500 நாளில் ஒரு அலையாக ஏறி இறங்கும். மடத்தின் கணக்குப் பிரிவில் பேரேடு எழுதும் ஓர் இளம் துறவி, நூறாண்டுப் பதிவேடுகளைப் புரட்டும்போது இதைக் கண்டுவிடுகிறாள் என்று வையுங்கள். அடுத்த திருநாள் எத்தனை நிமிடம் பிந்தும் என்று அவளால் முன்கூட்டியே சொல்ல முடியும். அவள் யாரிடம் சொல்வாள்? தன் மடாதிபதியிடமா, இரவு மடத்திடமா, திருநாளன்று சந்தை திறக்கக் காத்திருக்கும் வணிகர்களிடமா? பீஜிங்கில் நட்ட கோலை அவள் அந்தி வளையத்தில் எல்லார் முன்னாலும் நடுவாளா, அல்லது யோசுவாவைப் போலத் தடியை எடுத்துக்கொண்டு நடப்பாளா?

அங்கே வாழ்பவர்கள் பூமியிலிருந்து போனவர்கள் என்றால் இன்னொரு சிக்கல் கூடும். 2007-இல் மலேசியாவின் ஷேக் முஸாஃபர் ஷுகோர் பன்னாட்டு விண்வெளி நிலையத்துக்குப் போனபோது, நாளுக்குப் பதினாறு உதயம் காணும் இடத்தில் ஐந்து வேளைத் தொழுகையை எப்படி நிறைவேற்றுவது என்ற கேள்வி எழுந்தது. மலேசிய மார்க்க அறிஞர்கள் வழிகாட்டி நூல் வெளியிட்டார்கள்: கிளம்பிய இடத்தின் நேரத்தைப் பின்பற்றலாம். நிலையத்துக்கும் பூமிக்கும் செய்தி கண்ணிமைக்கும் நேரத்தில் போகும். ‘இ’-க்குப் போக 40 ஆண்டாகும். பூமியில் யாரோ ஒரு மிகுநாளைச் சேர்த்தால், அந்த ஆணை ஒரு தலைமுறை கழித்து வந்து சேரும். பாபிலோனில் இரண்டு நாள் பண்டிகை கொண்டாடியவர்களைப் போல, அந்தக் குடியேறிகள் ஐயத்துக்கென்று எத்தனை நாள் ஒதுக்குவார்கள் என்பதை எழுதுகிறவர்தான் முடிவு செய்ய வேண்டும்.

டிராப்பிஸ்ட் பிடிக்கவில்லை என்றால் கெப்ளர்-16 இருக்கிறது. அங்கே ஒரு கிரகம் இரண்டு சூரியன்களைச் சேர்த்து 229 நாளில் சுற்றுகிறது. இரு சூரியன்களும் தமக்குள் 41 நாளில் சுற்றிக்கொள்கின்றன. 229-ஐ 41-ஆல் வகுத்துப் பாருங்கள், மிச்சம் தானே தெரியும். சுற்றுக் காலங்களும் அளவுகளும் நாசாவின் புறக்கோள் ஆவணக் காப்பகத்தில் யாரும் எடுத்துக்கொள்ளும்படி கிடக்கின்றன. வகுக்கத் தெரிந்தால் போதும்.

முதல் அத்தியாயம் எழுதுவதற்கு முன் ஒரு பக்கம் ஒதுக்கி நான்கு பத்தி பிரித்துக்கொள்ளுங்கள். உங்கள் கிரகத்தில் திரும்பத் திரும்ப வரும் நிகழ்வு எது. அதில் எவ்வளவு மிச்சம் விழுகிறது. அதைச் சேர்க்கும் உரிமை இன்று யாரிடம். அந்த ஒரு நாள் கூடினால் யாருடைய கடன் தவணை, யாருடைய பதவிக்காலம், யாருடைய நோன்பு நீள்கிறது. நான்காவது பத்தியில் குறைந்தது மூன்று பேரின் பெயராவது விழட்டும். அங்கியின் நிறத்தை ஓவியரிடம் விட்டுவிடலாம், அவருக்கும் ஏதாவது வேலை வேண்டுமே.

இப்படிக்கு,
இந்தக் கதைகளுக்காகக் காத்திருக்கும் ஒரு வாசகர்